பழைய கம்போனென்ட் ஸ்பீக்கர் வாங்கி நான் பட்ட பாடு

கார்க் கதவின் உள்பலகையைக் கழற்றியபோது அடியில் கரித்தூள் மாதிரி ஏதோ கொட்டிக் கிடந்தது. தொட்டால் விரலில் பிசுபிசுவென்று ஒட்டியது. கதவின் பழைய ரப்பர்தான் உதிர்கிறது என்று முதலில் நினைத்தேன். டார்ச் அடித்து ஸ்பீக்கரைப் பார்த்த பிறகுதான் விஷயம் புரிந்தது. கோனை, அதாவது அசைந்து சத்தம் எழுப்பும் கூம்பைச் சுற்றி வளையமாக இருக்க வேண்டிய ஃபோமில் பாதிக்கு மேல் காணோம். மாட்டி மூன்று வாரம்கூட முழுசாக ஆகவில்லை. ஒரு மாதச் சம்பளத்தில் பாதிக்கு மேல் கொடுத்து, இரண்டு சனி ஞாயிறைத் தொலைத்து, கதவுத் தகரத்தை அறுத்து மாட்டிய ஸ்பீக்கர். அப்படியே கதவோரமாகத் தரையில் உட்கார்ந்துவிட்டேன். யாரிடம் போய்ச் சொல்வது? வீட்டில் சொன்னால், நல்லா பாடிக்கிட்டிருந்ததை எதுக்குக் கழற்றினே என்பார்கள். அதற்கு என்னிடம் பதில் கிடையாது.

அடுத்த நான்கு மாதம் நானே விழுந்து எழுந்து கற்றுக்கொண்டதை இங்கே எழுதுகிறேன். பழைய செட் ஒன்றின் மேல் கண் வைத்திருப்பவர்கள், பணத்தை எடுத்து நீட்டுவதற்கு முன்னால் படித்துவிட்டால் எனக்குத் திருப்தி.

கல்லூரி நாட்களில் ஆடியோ பத்திரிகையில் படம் பார்த்து ஏங்கிய செட் அது. பெயர் வேண்டாம். குறை அதைத் தயாரித்தவர்களுடையது இல்லை, இருபத்திரண்டு வருடம் கழித்துக் கண்ணை மூடிக்கொண்டு வாங்கியவனுடையது. கதவில் மாட்ட, கீழ்ச் சுரமும் குரலும் பாடும் ஆறரை அங்குல மிட்பாஸ் இரண்டு, கண்ணாடி ஓரத்தில் வைக்க, மேல் சுரம் பாடும் பட்டுத்துணிக் குமிழ் (டோம்) ட்வீட்டர் இரண்டு, இரண்டு பக்கமும் சத்தத்தைப் பிரித்துக் கொடுக்கத் தனிப் பெட்டியில் கிராஸ்ஓவர். பழசு எதற்கு என்று கேட்பவர்களுக்கு நான் சொல்லிக்கொண்டிருந்த வாதம் ஒன்று உண்டு. காந்தம், அதன் இடைவெளியில் அசையும் காயில் என்ற கம்பிச்சுருள், அதோடு ஒட்டிய கோன் என்ற இந்த அமைப்பை ரைஸ், கெல்லாக் என்ற இரண்டு பொறியாளர்கள் 1925-ல் வெளியிட்டார்கள், அடிப்படையில் இன்றுவரை அதேதான் ஓடுகிறது. ஆகவே இருபது வருடப் பழசு ஒன்றும் காலாவதி ஆகிவிடவில்லை. இந்த வாதம் இப்போதும் சரி என்றுதான் சொல்வேன். வார்ப்பில் செய்த சட்டம், உள்ளங்கை நிறையும் காந்தம், கையில் எடுத்தாலே தெரியும் கனம், இதெல்லாம் இன்றைய நடுத்தர விலைச் செட்டுகளில் சுலபமாகக் கிடைப்பதில்லை. நான் கோட்டை விட்ட இடம் வேறு. வடிவமைப்புக்கு வயதாகாது, ஃபோமுக்கும் பசைக்கும் கிராஸ்ஓவருக்குள் இருக்கும் கெபாசிட்டருக்கும் வயதாகும். அந்தக் காலத்து விமர்சனங்கள் பாராட்டியது பெட்டி பிரித்த புது ஸ்பீக்கரை. என் முன்னால் மேசையில் இருந்தது அது இல்லை.

விற்றவர் அறுபதை நெருங்கியவர், இனிமையாகப் பேசுபவர். வீட்டுக் கூடத்தில் இரண்டு மரப்பெட்டியில் அந்த ஸ்பீக்கர்களைப் பொருத்தி, கூடவே ஒரு சப்வூஃபரையும் ஓடவிட்டு, அவருக்குப் பிடித்த பாட்டுகளாகப் போட்டுக் காட்டினார். "பாருங்க தம்பி, பாட்டு எங்கேருந்து வருதுன்னே தெரியாம ரூம் பூரா பரவுது" என்றார். நானும் பாதிக் கண் மூடித் தலையாட்டினேன். இன்று நினைத்தாலும் வெட்கமாக இருக்கிறது. பாட்டு அப்படிப் பரவியதே கோளாறின் அறிகுறி. ஒழுங்காக இணைத்த இரண்டு ஸ்பீக்கருக்கு நடுவில் உட்கார்ந்தால் பாடுபவரின் குரல் எதிரே நடுவில், ஆள் நிற்பதுபோல நிற்க வேண்டும். இடது வெளியே தள்ளும்போது வலது உள்ளே இழுத்தால் அந்த நடு கரைந்துபோகும். குரல் காதோரத்தில், தலைக்குப் பின்னால், எங்கெங்கோ கேட்கும். பழக்கமில்லாதவனுக்கு அது பிரம்மாண்டமாகத் தோன்றும். கூடவே பாஸ், அதாவது கீழ்ச் சுரம், செத்துப்போகும், ஏனென்றால் ஒன்று தள்ளும் காற்றை மற்றொன்று இழுத்துக்கொள்கிறது. அந்த பாஸ் குறையைத்தான் சப்வூஃபர் மூடி மறைத்துவிட்டது. அவர் வேண்டுமென்றே செய்தார் என்று நான் நினைக்கவில்லை. அவருக்கும் தெரியாது என்றே இன்னமும் நம்புகிறேன்.

எனவே கேட்டுப் பார்க்கப் போகிறவர்கள் முதல் வேலையாக சப்வூஃபரை நிறுத்தச் சொல்லுங்கள். ஈக்வலைசரைச் சமத்துக்குக் கொண்டுவரச் சொல்லுங்கள். உங்களுக்கு மனப்பாடமான நாலு பாட்டைக் கையோடு எடுத்துப் போங்கள், அதில் ஒன்றாவது அதிக வாத்தியம் இல்லாமல் குரல் முன்னால் நிற்கும் பாட்டாக இருக்கட்டும். பேலன்ஸை முழுக்க இடது, பிறகு முழுக்க வலது என்று திருப்பி அதே பத்து விநாடியைத் திரும்பத் திரும்பக் கேளுங்கள். ஸ்டீரியோப் பதிவு என்றால் இரண்டு பக்கத்திலும் வெவ்வேறு வாத்தியம் வரும், அதனால் இரண்டு பக்கமும் ஒரே சத்தம் வரும்படி மோனோவாக மாற்றிக்கொள்வது நல்லது. பல கைப்பேசிகளில் அதற்கான வசதி அமைப்புகளுக்குள்ளேயே இருக்கிறது. சத்தத்தைக் குறைத்தே வையுங்கள். சத்தம் கூடினால் எந்த ஸ்பீக்கரும் நன்றாக இருப்பதுபோலத்தான் காதுக்குத் தோன்றும். இன்னொன்று, சிலர் பெட்டி எதுவும் இல்லாமல் ஸ்பீக்கரை மேசையில் கிடத்தி ஓட்டிக் காட்டுவார்கள். அப்போது பாஸ் கொஞ்சம்கூட இருக்காது, முன்பக்கக் காற்றும் பின்பக்கக் காற்றும் சேர்ந்து ஒன்றையொன்று அழித்துவிடும். அதைக் கேட்டு நல்ல ஸ்பீக்கரை வேண்டாம் என்று வந்துவிடாதீர்கள். ஓட்டை போட்ட பெரிய ஒட்டுப்பலகை ஒன்றில் வைத்துக் கேட்டாலே போதும், வித்தியாசம் தெரியும்.

வாங்கி வந்தாயிற்று. மாட்டும் கதையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். பழைய ஸ்பீக்கர்களில் பெரிய ஃபெரைட் காந்தம், பின்னால் நீட்டிக்கொண்டிருக்கும். நான் விட்டத்தை அளந்தேன், ஆழத்தை அளக்கவில்லை. கதவில் ஓட்டையைப் பெரிதாக்கி முறுக்கி முடித்துவிட்டுக் கண்ணாடியை இறக்கினால், பாதியில் டக்கென்று காந்தத்தில் முட்டி நின்றது. பிறகு மரவளையம் ஒன்று வெட்டி ஸ்பீக்கரை முன்னால் தள்ளி, அதற்காக உள்பலகையின் பின்புறத்தைச் சுரண்டி, ஒருநாள் முழுக்க அதிலேயே போனது. வாங்கும் முன்பே கண்ணாடியை முழுக்க இறக்கிவைத்து, கதவுத் தகரத்திலிருந்து கண்ணாடி வரை எத்தனை மில்லிமீட்டர் என்று பார்த்துக் குறித்துக்கொள்ளுங்கள். இரண்டு நிமிட வேலை.

மாட்டியதும் பாஸ் இல்லை. கதவின் ஓட்டைகள் வழியாகக் காற்று கசிகிறது என்று நானே முடிவு கட்டி, அதிர்வை அடக்கும் பியூட்டைல் ரப்பர் ஷீட் (டாம்பிங் ஷீட்) வாங்கி இரண்டு கதவையும் மூடி ஒட்டினேன். ஸ்பீக்கர் விலையில் கால்வாசி அதற்கே போய்விட்டது. கதவு சாத்தும் சத்தம் கனமாக, கேட்க சுகமாக மாறியது. பாஸ் மட்டும் வரவில்லை. ஆம்ப்ளிஃபையரைத் திருகிக்கொண்டே போனேன். இப்போது தெரிகிறது, ஒரு பக்கத்து மிட்பாஸின் இரண்டு வயரை மட்டும் கழற்றி மாற்றி மாட்டிப் பார்த்திருந்தால் ஐந்தே நிமிடத்தில் குட்டு வெளிப்பட்டிருக்கும். ஆம்ப்ளிஃபையர் முனையில் மாற்றினால் ட்வீட்டரும் சேர்ந்து திரும்பிவிடும், அதனால் மிட்பாஸ் முனையிலேயே மாற்ற வேண்டும். அந்த யோசனை அன்றைக்கு வரவில்லை. சத்தத்தைத்தான் கூட்டினேன், அந்த அதிர்வில்தான் மூன்றாவது வாரம் இடது பக்க ஃபோம் மொத்தமாக விட்டுவிட்டது.

கழற்றிய இரண்டு மிட்பாஸையும் அன்று இரவு மேசைமேல் அருகருகே வைத்துப் பார்த்தேன். வாங்கும் நாளில் செய்திருக்க வேண்டிய வேலை. இடதின் ஃபோம் கருத்து, நகம் பட்டாலே பொடிந்தது. வலதின் ஃபோமோ சாம்பல் நிறம், மெத்தென்று இருந்தது. கோன் விளிம்பில் பசை ஒரே சீராக ஓடாமல் இரண்டு இடத்தில் திட்டாக வழிந்திருந்தது. ஆக வலது எப்போதோ பிரித்து மராமத்து செய்த ஸ்பீக்கர். "திறக்கவே இல்ல தம்பி, கம்பெனியிலேர்ந்து வந்தது வந்தபடி இருக்கு" என்று சொன்னவரிடம் அது வருவதற்கு முன்பே நடந்திருக்கலாம். மல்ட்டிமீட்டரை எடுத்தேன். 4 ஓம் என்று எழுதிய ஸ்பீக்கர் நேர்மின் தடையில் 4 காட்டாது, பெரும்பாலும் 3-க்கும் 3.7-க்கும் நடுவில் எங்கோ நிற்கும், அது கோளாறு இல்லை. மீட்டரின் இரண்டு முனையையும் ஒன்றோடொன்று தொட்டு, அப்போது காட்டும் 0.2, 0.3-ஐக் கழித்துக்கொள்ள வேண்டும். இடது 3.5, வலது 3.1. ஒரே நாளில் ஒரே தொழிற்சாலையில் செய்த ஜோடி இவ்வளவு விலகாது. வலதில் காயிலையே மாற்றியிருக்கிறார்கள். கடைசியாக ஒரு சாதாரண 1.5 வோல்ட் செல். நேர்முனையை ஸ்பீக்கரின் நேர்முனையில் தொட்டால் கோன் வெளியே வர வேண்டும். இடது வெளியே வந்தது. வலது உள்ளே போனது. மராமத்து செய்தவர் வயரை மாற்றிப் பற்றவைத்துவிட்டார், அவ்வளவுதான். அந்தச் செல் எங்கள் வீட்டுச் சுவர்க் கடிகாரத்திலிருந்து கழற்றியது. அதை முதல்நாளே கழற்றியிருந்தால் டாம்பிங் ஷீட் செலவை நிதானமாகச் செய்திருக்கலாம்.

ஃபோம் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். பழைய ஸ்பீக்கர்களில் அதிகம் ஏமாற்றுவது அதுதான். பாலியூரிதேன் ஃபோம் காற்றின் ஈரத்தாலும் வெயிலாலும் தானாகச் சிதைந்துபோகும் பொருள். பத்திலிருந்து இருபது வருடத்துக்குள் பெரும்பாலும் முடிந்துவிடும், பெட்டியில் பத்திரமாக வைத்திருந்தாலும்கூட. "ஓட்டவே இல்ல, பெட்டியிலேயே இருந்தது" என்று யாராவது சொன்னால் அது ஃபோமைக் காப்பாற்றாது. பார்ப்பதற்கு முழுசாகவே இருக்கும், ஓட்ட ஆரம்பித்து சில நாளில் விட்டுவிடும். விற்பவரின் அனுமதியோடு சுண்டுவிரலால் வளையத்தை மெதுவாக ஓர் இடத்தில் அழுத்துங்கள். எழுந்து வர வேண்டும். பள்ளம் அப்படியே நின்றாலோ, விரலில் கருப்பு ஒட்டினாலோ, சுற்றிலும் நுண்ணிய வெடிப்பு தெரிந்தாலோ, அது புது ஃபோம் போட வேண்டிய ஸ்பீக்கர் என்று கணக்கு வைத்துப் பேரம் பேசுங்கள். பியூட்டைல் ரப்பர் வளையம் என்றால் பல மடங்கு தாங்கும், ஆனால் விறைத்துப்போகலாம். ஒட்டிய இடத்தில் பசை விடவும் செய்யலாம். என் கையில் பழைய ஸ்பீக்கர் இரண்டு இருந்து, ஒன்று ஃபோம், இன்னொன்று ரப்பர் என்றால், கொஞ்சம் சுமாரான மாடலாக இருந்தாலும் ரப்பரைத்தான் எடுப்பேன்.

புது ஃபோமை நானே ஒட்டினேன், அதுவும் இரண்டு தடவை. முதல் தடவை பழைய பசையை ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலால் துடைத்து, வளையத்தை வைத்து, கண் மட்டத்தில் பார்த்து நடுவில் இருக்கிறது என்று நம்பி ஒட்டிவிட்டேன். காய்ந்தபின் கீழ்ச் சுரத்தில் கரகரவென்று ஒரு உராய்வு. வாய்ஸ் காயில் காந்த இடைவெளியின் சுவரைத் தொடுகிறது. அந்த இடைவெளி மயிரிழை அளவு, கண் மட்டம் அங்கே செல்லாது. எல்லாவற்றையும் பிய்த்து, இன்னொரு வளையம் வாங்கி, இம்முறை நடுவில் உள்ள தூசி மூடியை வெட்டித் திறந்து, காயிலுக்கும் நடுத்தூணுக்கும் இடையே மெல்லிய பிளாஸ்டிக் பட்டைகளைச் சுற்றிலும் செருகி நிறுத்தி, அதன்பின் ஒட்டினேன். ஒருநாள் முழுக்கத் தொடவில்லை. பட்டைகளை உருவிவிட்டு 30 ஹெர்ட்ஸ் ஒலியை மெதுவாக ஓட்டினால் ஊமையாக அசைய வேண்டும். அசைந்தது. வாங்கும்போதும் இதே சோதனையைச் செய்யலாம். கோனின் இரண்டு பக்கமும் விரல்களைச் சமமாக வைத்து மெதுவாக உள்ளே தள்ளிக் காதைப் பக்கத்தில் வையுங்கள். மணல் அரைபடுவதுபோலக் கேட்டால் காயில் உராய்கிறது, அல்லது இடைவெளியில் துரு ஏறியிருக்கிறது. தள்ளவே முடியவில்லை என்றால் ஸ்பீக்கர் எப்போதோ கீழே விழுந்து காந்தம் நகர்ந்திருக்கலாம். அதைத் திரும்ப வைத்துவிட்டு வந்துவிடுவதே நல்லது.

இனி ட்வீட்டர். வலது பக்கம் மங்கலாகக் கேட்டது என்று முதல் நாளே தோன்றியிருந்தது, கண்ணாடி ஓரத்தில் வைத்த கோணம் சரியில்லை போல என்று சமாதானம் சொல்லிக்கொண்டிருந்தேன். சோதிக்கலாம் என்று கிராஸ்ஓவரின் ட்வீட்டர் உள்ளீட்டில் மீட்டரை வைத்தேன். முடிவிலி. இடதிலும் முடிவிலி. இரண்டு ட்வீட்டரும் போய்விட்டன என்று அன்று இரவு தூங்கவில்லை. மறுநாள்தான் உறைத்தது, வழியில் கெபாசிட்டர் இருக்கிறது, அது நேர்மின்சாரத்தை விடாது, மீட்டர் வேறென்ன காட்டும்? ட்வீட்டரின் முனையிலேயே நேராக வைத்துப் பார்த்தபோது இரண்டும் 3.2. அதாவது காயில் நலம். பிறகு ஏன் மங்கல்? நிறைய ட்வீட்டர்களில் காந்த இடைவெளியில் ஃபெரோஃப்ளூயிட் என்ற காந்தத் திரவம் ஊற்றியிருப்பார்கள், காயிலின் சூட்டைக் கடத்தவும் அசைவைக் கட்டுப்படுத்தவும். வருடக்கணக்கில் அது கெட்டித்துப் பசையாகிவிடும். என் வலது ட்வீட்டரைத் திறந்தபோது இடைவெளியில் பழைய ஷூ பாலிஷ் மாதிரி இருந்தது. உறிஞ்சு காகிதத்தைக் கீற்றாக வெட்டிச் செருகிச் செருகித் துடைத்தேன். புதுத் திரவத்தை ஊசியில் அளந்து விட வேண்டும், கூடினாலும் ஆபத்து, குறைந்தாலும் ஆபத்து. நடுக்கமாகத்தான் இருந்தது, ஆனால் வேலை செய்தது. ஒன்றுக்குச் செய்தால் மற்றதற்கும் செய்துவிட வேண்டும், இல்லாவிட்டால் ஜோடி சேராது.

ட்வீட்டரைச் சோதிக்கும்போது கெபாசிட்டர் இல்லாமல் ஆம்ப்ளிஃபையரில் நேராக மாட்டிவிடாதீர்கள். ஒரு பாஸ் சுரம் போதும், காயில் கருகிவிடும். டோமில் அமுங்கல் இருந்தால் பதற வேண்டாம், பட்டு டோம் என்றால் ஒட்டுப்பட்டையை மெதுவாக ஒத்தி எடுத்தாலே பல நேரம் எழுந்துவிடும். எம்பி குவார்ட் கம்பெனியின் புகழ்பெற்ற டைட்டேனியம் டோம் மாதிரி உலோகம் என்றால் மடிந்தது மடிந்ததுதான். ஃபோக்கல் கம்பெனியின் உயர்ரக வரிசையில் பெரிலியம் என்ற உலோகத்தில் செய்த டோம் உண்டு. அதில் கிழிசல், உடைசல் எது தெரிந்தாலும் கையால் தொட வேண்டாம், அந்த உலோகத்தின் தூள் நுரையீரலுக்கு நஞ்சு.

இதுவரைக்கும் நான் பிடித்த கோளாறெல்லாம் ஒரே உத்தியில் கிடைத்தவை. கையில் புது ஸ்பீக்கர் இல்லாவிட்டாலும் ஜோடி இருக்கிறது, இடதுக்கு வலது சாட்சி. தடை, நிறம், கனம், சத்தம், எதில் விலகினாலும் அங்கே ஒரு கதை இருக்கும். இந்த உத்தி எனக்கு ரொம்பப் பிடித்துப்போய், எல்லாவற்றையும் சரிசெய்து மாட்டியபிறகு இரண்டு பக்கமும் அச்சு அசலாக ஒன்றாகக் கேட்கிறது என்று ஒரு வாரம் நிம்மதியாகத் திரிந்தேன். ஆனால் குரலில் ஏதோ ஒரு பள்ளம். பெண் குரல் ஓர் அடி பின்னால் போய் நின்று பாடுவதுபோல. இரண்டு பக்கமும் ஒரே மாதிரிப் பள்ளம் என்பதால் ஸ்பீக்கரின் குணமே இதுதான் என்று எண்ணிக்கொண்டேன். அடிபட்டது ஒரு பக்கம் மட்டும் கெடும், வயதானது இரண்டு பக்கமும் சேர்ந்து கெடும் என்பது அப்போது எனக்குத் தெரியாது. அங்கே சாட்சி சொல்ல யாருமே இல்லை.

கிராஸ்ஓவர் பெட்டியைத் திறந்தேன். ட்வீட்டர் வழியில் 12 மைக்ரோஃபாரட் எலக்ட்ரோலிட்டிக் கெபாசிட்டர் ஒன்று. ஒரு காலை மட்டும் பலகையிலிருந்து விடுவித்து அளந்தால் இடது 9.1, வலது 8.8. எளிய கணக்கில், 4 ஓம் ட்வீட்டருக்கு 12 மைக்ரோஃபாரட் என்றால் ட்வீட்டர் சுமார் 3,300 ஹெர்ட்ஸிலிருந்து வேலையைத் தொடங்கும். 9 ஆகச் சுருங்கினால் 4,400-க்குத் தள்ளிப்போய்விடும். மிட்பாஸோ பழைய இடத்திலேயே நிறுத்திக்கொள்கிறது. நடுவில் யாரும் பாடாத ஓர் இடைவெளி. குரலின் தெளிவு இருக்கும் இடமும் ஏறக்குறைய அதுதான். பாலிபுரொப்பிலீன் ஃபிலிம் கெபாசிட்டர் வாங்கிப் போட்டேன், அளவில் பெரிது, பெட்டி மூட மாட்டேன் என்றது, மூடியில் ஓட்டை போட்டுத்தான் அடக்கினேன். குரல் முன்னால் வந்து நின்றது. இத்தனை நாளில் அன்றைக்குத்தான் அந்தப் பத்திரிகைக்காரர்கள் எதைப் பாராட்டினார்கள் என்பது காதில் விழுந்தது. புதுக் கெபாசிட்டரில் உள்தடை குறைவு என்பதால் ட்வீட்டர் ஒரு துளி தூக்கலாகிவிட்டது, ட்வீட்டர் சத்தத்தைக் கூட்டிக் குறைக்கப் பெட்டியில் இருக்கும் ஜம்பரை ஒரு படி இறக்கினேன். டிஎஸ்பி என்ற டிஜிட்டல் கருவியிலேயே சத்தத்தைப் பிரித்து, ஒவ்வொரு ஸ்பீக்கருக்கும் தனி ஆம்ப்ளிஃபையர் வழி கொடுத்து ஆக்டிவாக ஓட்டுகிறவர்களுக்கு இந்தத் தொல்லை இல்லை, ஆனாலும் ட்வீட்டருக்குக் காவலாக 47 மைக்ரோஃபாரட் போலப் பெரிய கெபாசிட்டர் ஒன்றைத் தொடரில் விட்டுவைப்பது நல்லது. என்னைப்போல கிராஸ்ஓவர் பெட்டியை வைத்தே பாஸிவாக ஓட்ட நினைப்பவர்கள் அசல் கிராஸ்ஓவர் இல்லாமல் வரும் செட்டைத் தொடவே வேண்டாம். வேறு செட்டின் கிராஸ்ஓவர் அளவில் பொருந்தினாலும் குரலில் பொருந்தாது.

அட்டைப் பெட்டியில் பெரிதாக அச்சடித்த வாட்டை நம்பாதீர்கள், தொடர்ந்து தாங்கும் சக்தியைச் சொல்லும் ஆர்எம்எஸ் என்று சின்னதாக இருப்பதைப் பாருங்கள். 1 வாட் கொடுத்தால் எவ்வளவு சத்தம் வரும் என்று சொல்லும் உணர்திறன் எண்ணிலும் ஒரு சூது உண்டு. 2.83 வோல்ட்டில் அளந்தால் 4 ஓம் ஸ்பீக்கருக்கு அது 1 வாட் அல்ல, 2 வாட், எண் 3 டெசிபல் கூடித் தெரியும்.

கணக்கு போட்டுப் பார்த்தேன். ஃபோம் இரண்டு தடவை, பசை, திரவம், கெபாசிட்டர், ஷீட், கெடுத்துவிட்டு மறுபடி வாங்கிய உள்பலகைக் கிளிப்புகள் எல்லாம் சேர்த்தால் ஸ்பீக்கருக்குக் கொடுத்த விலையைத் தாண்டிவிட்டது. அந்தப் பணத்துக்குப் புதிதாக நல்ல செட் ஒன்று உத்தரவாதத்தோடு வந்திருக்கும். நான்கு மாதச் சனி ஞாயிறுகளை அதில் சேர்க்கவில்லை, சேர்த்தால் வீட்டில் இன்னொரு சண்டை. இவ்வளவுக்குப் பிறகும் வலது மிட்பாஸின் காயில் வேறுதான். 1,000 ஓம் மின்தடை ஒன்றைத் தொடரில் போட்டு, கைப்பேசியிலிருந்து ஒலியை மெல்ல ஏற்றிக்கொண்டே போய், ஸ்பீக்கர் முனையில் மின்னழுத்தம் எங்கே உச்சம் தொடுகிறது என்று பார்த்தால் அதன் இயல் அதிர்வெண் கிடைக்கும். இடது 72 ஹெர்ட்ஸ், வலது 63. இந்த வித்தியாசத்தோடுதான் ஓட்டுகிறேன். தெரிந்த பிறகு அது காதிலும் கேட்கிறது, தெரியாமலே இருந்திருக்கலாம்.

போன வாரம் அதே மனிதரிடமிருந்து போன். இன்னொரு செட் வந்திருக்கிறதாம், அதுவும் நான் கனவு கண்ட வரிசைதான். போகக்கூடாது என்று நினைத்துக்கொண்டே போனேன். பையில் டார்ச், மல்ட்டிமீட்டர், கடிகாரச் செல், கிளிப் வைத்த வயர், கையடக்க ஆம்ப்ளிஃபையர். மிட்பாஸ் ரப்பர் வளையம், மெத்தென்று இருந்தது. தடை 3.3, 3.3. செல்லைத் தொட்டால் இரண்டும் வெளியே வந்தன. ட்வீட்டர் 3.4, 3.4, சத்தமும் ஒன்றுபோல. எனக்கு நெஞ்சு அடித்துக்கொள்ள ஆரம்பித்துவிட்டது. கிராஸ்ஓவரைத் திறந்து பார்க்க ஸ்க்ரூடிரைவர் கேட்டேன். "அதெல்லாம் எதுக்கு தம்பி, சீல் உடைஞ்சா மதிப்பு போயிடும்" என்றார். அப்படியானால் கெபாசிட்டர் செலவைக் கழித்துக்கொண்டு கொடுங்கள் சார் என்றேன். முகம் மாறியது. பையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டேன். வழியெல்லாம் அந்தப் பெட்டிக்குள் என்ன இருந்திருக்கும் என்றே ஓடிக்கொண்டிருந்தது.